கூரை விழுந்ததா, போடவே இல்லையா? கிரேக்க, ரோம இடிபாடுகளில் திறந்தவெளியைக் கண்டறிவது எப்படி

பழைய கிரேக்கக் கோயில் எதற்குள் போய் நின்றாலும் தலைக்கு மேல் வானம்தான் தெரியும். ஓடு உடைந்து, உத்தரம் எரிந்தோ உளுத்தோ போய், மிஞ்சியது தூணும் சுவரும் மட்டும். அதனால் ‘இந்தக் கோயிலுக்குக் கூரையே கிடையாது, அப்படித்தான் கட்டினார்கள்’ என்று யார் சொன்னாலும் சட்டென்று மறுக்க முடிவதில்லை. 19ஆம் நூற்றாண்டில் விஷயம் தெரிந்தவர்களே இதில் சறுக்கினார்கள். ஏதென்ஸின் பார்த்தினான் கோயிலுக்குள் வெளிச்சம் எப்படி வந்திருக்கும் என்று யோசித்து, நடுக்கூரையைத் திறந்துவிட்டுப் படம் வரைந்தவர்கள் உண்டு.

இடிபாட்டில் மேலே பார்ப்பதால் ஒன்றும் தெரியாது. கீழே பாருங்கள், மழைநீர் எந்த வழியாகப் போனது என்று தேடுங்கள். கூரை போட்ட கட்டடம் தண்ணீரை வெளிச்சுவருக்கு அப்பால் கொட்டும். கூரை போடாத இடமோ, விழுகிற மழையைத் தனக்குள்ளேயே வாங்கி வெளியேற்றியாக வேண்டும். அந்த ஏற்பாட்டைக் கல்லில் செய்திருப்பார்கள், கல் மிஞ்சியிருக்கும்.

பெயரில் இருக்கும் பொறி

இத்தகைய இடத்துக்கு ஹைபீத்ரல் என்று பெயர். ‘வானுக்குக் கீழே’ என்பது அந்தக் கிரேக்கச் சொல்லின் பொருள். கி.மு. முதல் நூற்றாண்டின் ரோமக் கட்டடக்கலைஞர் விட்ருவியஸ் இதை ஒரு கோயில் வகையாகவே வரையறுக்கிறார்: முன்னும் பின்னும் பத்துப் பத்துத் தூண், சுற்றிலும் இரட்டைத் தூண்வரிசை, உள்ளே சுவரை விட்டு விலகி நிற்கும் இரண்டடுக்குத் தூண்கள், இரு முனையிலும் கதவு, நடுவே கூரையில்லாத வெளி. இதைச் சொன்ன கையோடு, ரோமில் இதற்கு உதாரணம் இல்லை என்கிறார். ஏதென்ஸில் இருப்பதாக அவர் காட்டும் ஒலிம்பிய ஜீயஸ் கோயிலுக்கோ முகப்பில் எட்டுத் தூண்தான்.

அந்தக் கோயிலின் வரலாறு தெரிந்தால் சிரிப்பு வரும். கி.மு. 6ஆம் நூற்றாண்டில் தொடங்கிக் கைவிட்டார்கள். கி.மு. 174இல் சிரியா மன்னர் நான்காம் அந்தியோக்கஸ் காசில் வேலை மறுபடி நடந்தது. அவர் இறந்ததும் நின்றது. ரோமப் பேரரசர் ஹாட்ரியன் காலத்தில், கி.பி. 130 வாக்கில்தான் முடிந்தது. ஆக, விட்ருவியஸ் எழுதியபோது அது பாதி கட்டிய கட்டடம். முடிந்த பிறகு அங்கே போன கிரேக்கப் பயண எழுத்தாளர் பவுசானியஸ், உள்ளே பொன்னும் தந்தமும் பொதிந்த ஜீயஸ் சிலையைப் பார்த்ததாக எழுதுகிறார். தந்தச் சிலையை யாரும் மழையில் வைக்க மாட்டார்கள். முடியாத கட்டடத்தைப் பார்த்து, அதுவே ஒரு வகை என்று விட்ருவியஸ் எடுத்துக்கொண்டிருக்கலாம். அதனால் பத்துத் தூண், இரண்டு கதவு என்று அவருடைய பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு கோயில் கோயிலாக டிக் போடுவது வீண் வேலை.

இன்னொன்று. ‘கூரையற்ற கோயில்’ என்றாலும் முழுக்கக் கூரையில்லாமல் இருக்காது. சுற்றுத்தூண் வரிசைக்கும் முன்மண்டபத்துக்கும் கூரை உண்டு. திறந்திருப்பது நடுவில் இருக்கும் வெளி மட்டும். ஆகவே ‘இங்கே ஓடு கிடைத்திருக்கிறதே’ என்று காட்டினால் வாதம் முடிந்துவிடாது. எந்த இடத்தில் கிடைத்தது என்பதுதான் கேள்வி.

கையில் என்ன வேண்டும்

30 மீட்டர் டேப், ஓர் அடி நீளமுள்ள ரசமட்டம், 3 மீட்டர் நூல், திசைகாட்டி, டார்ச், கட்டம் போட்ட நோட்டு. இவ்வளவு போதும். தொல்லியல் இடங்களில் தரையில் தண்ணீர் ஊற்றிச் சரிவு பார்க்கக் கூடாது, கல்லில் சுண்ணக்கட்டியால் குறி போடவும் கூடாது. கயிறு கட்டிய பகுதிக்குள் போக முடியாது என்றால், வெளியிட்ட தரைப்பட அளவுகளை வைத்தே கீழே உள்ள முதல் சோதனையைச் செய்துவிடலாம்.

முதல் சோதனை: அகலம்

கருவறையின் உள்ளகலத்தை அளங்கள். உள்ளே தூண்வரிசை இருந்தால், எதிரெதிர் தூண்களுக்கு நடுவே உள்ள தூரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கிரேக்கக் கூரை, உத்தரத்தின் மேல் குட்டைக்கால் நிறுத்தி, அதன்மேல் முகட்டு மரம் வைக்கும் முறை. முழுச் சுமையும் உத்தரத்தின் நடுவில் விழும், உத்தரம் தொய்யும். அதனால் தாங்கலில்லாத இடைவெளி 12 மீட்டரைத் தாண்டுவது அரிது. பார்த்தினானில் உள்தூண்களுக்கு இடையே அகலம் பத்து, பதினோரு மீட்டர்தான். அதை மரத்தால் மூட முடியும், மூடியும் இருந்தார்கள்.

அகலம் 20 மீட்டர், உள்ளே தூண் நின்ற தடமே இல்லை என்றால், கூரை இருந்திருக்காது என்று சந்தேகிக்க முதல் காரணம் கிடைத்துவிட்டது. ஆனால் இந்தச் சோதனை பழைய கிரேக்கக் கட்டடங்களுக்கு மட்டும். முக்கோணச் சட்டக் கூரை பரவிய பிறகு கணக்கு மாறிவிட்டது. கி.மு. 15 வாக்கில் ஏதென்ஸின் அகோரா என்ற சந்தைவெளியில் ரோமத் தளபதி அக்ரிப்பா கட்டிக்கொடுத்த இசையரங்கம் 25 மீட்டரை நடுத்தூண் இல்லாமல் தாண்டியது.

தூண் தடம் இல்லை என்று சொல்லும் முன் தரையைத் துல்லியமாகப் பார்க்க வேண்டும். தூணைப் பிடுங்கி வேறு கட்டடத்துக்குக் கொண்டுபோயிருப்பார்கள். தரைக்கல்லில் வட்டமான வெளுப்பு, நட்ட நடுவில் ஒரு சதுரக் குழி, நேர்கோட்டில் மட்டும் தடித்துப் போகும் அஸ்திவாரம் ஆகியவை தூண் நின்றதற்கான தடங்கள்.

இரண்டாம் சோதனை: தரையும் தண்ணீரும்

இதற்குத்தான் அதிக நேரம் கொடுக்க வேண்டும். நான்கு சுவரோரங்களிலிருந்தும் நடுவை நோக்கி ரசமட்டத்தை வைத்துப் பாருங்கள். 3 மீட்டர் நூலை மட்டமாகப் பிடித்து, மறுமுனையில் தரை எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று அளங்கள். 3 செ.மீ. இறங்கியிருந்தால் நூற்றுக்கு ஒன்று சரிவு, தண்ணீர் ஓட அது தாராளம். நான்கு பக்கமும் ஒரே துளையை நோக்கிச் சரிந்தால் அது வேண்டுமென்றே செய்தது. ஒரே பக்கமாகச் சரிந்து, அதே சரிவு சுவரடி வரிசையிலும் தொடர்ந்தால் அஸ்திவாரம் உட்கார்ந்திருக்கிறது, அவ்வளவுதான். சுவரடிக் கல்லின் மட்டத்தையும் சேர்த்து எடுக்காமல் தரையை மட்டும் அளந்தவர்கள் தவறாமல் ஏமாறுவது இந்த இடத்தில்தான்.

அடுத்து, தண்ணீர் வெளியேறும் தூம்பு. சுவரின் அடிக்கல்லைத் துளைத்து வெளியே போகும் துளை, தூண்வரிசையின் காலடியில் ஓடும் கல்வாய்க்கால், அதில் மண் படிவதற்காக நடுநடுவே குடைந்த சிறு தொட்டி ஆகியவற்றைத் தேடுங்கள். ரோமில் இருக்கும் ஆரா பாசிஸ் இதற்கு நல்ல பாடம். கி.மு. 13இல் தீர்மானித்து கி.மு. 9இல் அர்ப்பணித்த அமைதிப் பலிபீடம் அது. சுமார் 11.6க்கு 10.6 மீட்டர் மதிற்சுவருக்குள் திறந்த வெளியில் பீடம். பலியிட்ட பின் கழுவும் தண்ணீரும் மழையும் போவதற்குச் சுவரடியில் துளைகள் விட்டிருக்கிறார்கள். மேலே எவ்வளவு நுணுக்கமான செதுக்கல் இருந்தாலும் முதலில் அந்தத் துளைகளைத்தான் பார்க்க வேண்டும்.

மோசம் போகும் வழிகள் மூன்று. முதலாவது, துளையைச் சுற்றி சாம்பல் நிற சிமென்ட் தெரிந்தால் அது அகழ்வுக்குப் பிறகு தேங்கும் நீரை விட வெட்டியது. இரண்டாவது, கோயிலைப் பின்னாளில் சர்ச்சாகவோ குடியிருப்பாகவோ மாற்றியபோது வெட்டிய வடிகால். உளி வேலையின் தரம் மாறுவதை வைத்தும், பழைய தரைக்கல்லின் இணைப்பைப் பொருட்படுத்தாமல் குறுக்கே ஓடுவதை வைத்தும் அதைப் பிரித்துவிடலாம்.

மூன்றாவதுதான் எல்லோரையும் கவிழ்ப்பது: கருவறைத் தரையில் இருக்கும் தொட்டி. ஒலிம்பியாவில் ஜீயஸ் சிலைக்கு முன்னால் கறுப்புக் கல் பதித்து, சுற்றி வெள்ளைச் சலவைக்கல் விளிம்பு கட்டிய பள்ளம் ஒன்று உண்டு. மழைத்தொட்டி போலவே இருக்கும். அது எண்ணெய்க்கானது. ஒலிம்பியாவின் ஈரப்பதம் தந்தத்தைக் கெடுக்காமல் இருக்க எண்ணெய் ஊற்றினார்கள், ஏதென்ஸின் அக்ரோபோலிஸ் குன்றிலோ காற்று வறட்சி என்பதால் சிலைக்குத் தண்ணீர் தேவைப்பட்டது என்று பவுசானியஸ் விளக்குகிறார். ஒலிம்பியாக் கோயிலுக்குக் கூரை இருந்ததற்கு இன்னொரு சாட்சி பழைய புவியியலாளர் ஸ்ட்ராபோ. உட்கார்ந்திருக்கும் ஜீயஸ் எழுந்து நின்றால் கூரையைப் பெயர்த்துவிடுவார் என்று சிற்பியைக் குறை சொல்கிறார். தொட்டியைக் கண்டால் வெளியேறும் துளை இருக்கிறதா என்று பாருங்கள். துளையில்லாத தொட்டி மழைக்கானது அல்ல.

கல்லின் தேய்மானத்தை வைத்து முடிவு செய்யலாமா என்று கேட்பார்கள். வேண்டாம். கூரை போன பிறகு ஆயிரம், ஆயிரத்தைந்நூறு வருட மழை எல்லாக் கல்லையும் ஒரே மாதிரி அரித்துவிட்டது. தேய்மானத்தை விட்டு வடிவத்தைப் பாருங்கள். உட்புறச் சுவரின் உச்சியில் வெளிச்சுவருக்குரிய கொடுங்கை இருக்கிறதா, அதன் அடியில் சொட்டு நீர் சுவரில் வழியாதபடி நீர்வெட்டு போட்டிருக்கிறதா, சிங்கமுகத் தூம்புகள் உள்நோக்கிப் பார்க்கின்றனவா? இருந்தால் அது முற்றம்.

சுவர் உச்சி, ஓடு, படிக்கட்டு

சுவரும் முக்கோண முகப்பும் முழு உயரத்துக்கு நின்றால் வேலை சுலபம். உத்தரம் நுழைந்த சதுரக் குழிகள் தெரியும். சிசிலியின் அக்ரிஜென்டோவில் கன்கார்டியா கோயிலுக்குள் போய் முகப்புச் சுவரின் உட்பக்கத்தைப் பார்த்தால் கூரைமரங்கள் உட்கார்ந்த வெட்டுகள் அப்படியே இருக்கின்றன. கருவறை வாசலின் இருபுறமும் மேலே ஏறும் படிக்கட்டும் உண்டு. கூரையைப் பழுதுபார்க்க ஆள் ஏற வேண்டும் அல்லவா? ஆனால் படிக்கட்டை மட்டும் நம்பிவிடாதீர்கள். பின்னால் பார்க்கப்போகும் கூரையில்லாத டிடிமா கோயிலிலும் மேலே ஏறும் படிக்கட்டு இரண்டு உண்டு.

ஓட்டுச் சில்லுக்கு ஒரு கணக்கு. 20க்கு 50 மீட்டர் கருவறை என்றால் 1,000 சதுர மீட்டர். 14 டிகிரிச் சரிவில் கூரைப்பரப்பு 1,030. ஒரு தட்டை ஓடு 0.4 சதுர மீட்டரை மூடும் என்று வைத்துக்கொண்டால் ஏறக்குறைய 2,600 ஓடு வேண்டும். நூற்றுக்குத் தொண்ணூற்றைந்தைத் திருடிக்கொண்டு போயிருந்தாலும் 130 ஓட்டின் உடைசல் மண்ணுக்குள் கிடக்க வேண்டும். அகழ்வு அறிக்கையில் கருவறைக்குள் ஓட்டுப் படுகை என்று ஒன்றுமே இல்லாமல், சுற்றுத்தூண் பகுதியில் மட்டும் இருந்தால் கனமான சான்று. சலவைக்கல் ஓடு என்றால் எச்சரிக்கை வேண்டும். சுண்ணாம்புக்காகச் சூளையில் போட்டு எரித்திருப்பார்கள், ஒரு துண்டுகூட மிஞ்சாது.

பழைய எழுத்து இருந்தால் அதையும் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். கிரேக்கத்தின் பாஸ்ஸாயில் இருக்கும் அப்பல்லோ கோயிலின் உள்ளறை திறந்திருந்ததாக ஒரு காலத்தில் பலர் நம்பினார்கள். பவுசானியஸோ கூரை உட்பட எல்லாம் கல் என்று எழுதி வைத்திருக்கிறார். இப்போது அந்தக் கோயிலே 1987 முதல் ஒரு பெரிய கூடாரத்துக்குள் இருக்கிறது. எந்தக் காலத்தையும்விட இன்றைக்குத்தான் அதற்குக் கூரை அதிகம்.

முடிக்காததைத் திறந்தவெளி என்று எண்ணாதீர்கள்

கூரை விழுந்தது, வேண்டுமென்றே விட்டது என்ற இரண்டுக்கும் நடுவே மூன்றாவது ஒன்று உண்டு. காசு தீர்ந்தது, சண்டை வந்தது, வேலை நின்றது. அக்ரகாஸ், அதாவது இன்றைய அக்ரிஜென்டோவில் இருந்த பிரம்மாண்ட ஜீயஸ் கோயிலைப் பற்றிப் பழைய வரலாற்றாசிரியர் டியோடோரஸ் வெளிப்படையாகவே சொல்கிறார்: கூரை போட இருந்த நேரத்தில் போர் குறுக்கிட்டது. கி.மு. 406இல் கார்த்தேஜ் படை நகரைப் பிடித்தது. அதன் பிறகு முடிக்கவே முடியவில்லை.

முடியாத கோயிலைக் கண்டுபிடிக்கப் படிகளின் முகத்தைப் பாருங்கள். சிசிலியின் செகெஸ்டா கோயிலில் 36 தூண்கள், மேல்வரிசைக் கற்கள், இரு முகப்பு என எல்லாம் நிற்கின்றன. உள்ளே மட்டும் வெறும் புல்தரை. திறந்தவெளி வழிபாட்டுக்காகக் கட்டியது என்றுகூட ஒரு கருத்து உண்டு. ஆனால் படிக்கல்லின் முகத்தில் கைப்பிடியளவு கல்குமிழ்கள் துருத்திக்கொண்டிருக்கின்றன. கல்லைத் தூக்கவும் நகர்த்தவும் விட்ட பிடிகள் அவை, கடைசியில் செதுக்கித் தள்ள வேண்டியவை. தூண்களில் பள்ள வரிகளும் போடவில்லை. அதுவும் தூண் நிறுத்திய பிறகு செய்யும் வேலை. குமிழும் வரியில்லாத தூணும் ஒரே இடத்தில் கண்ணில் பட்டால், கூரையைப் பற்றி அந்தக் கட்டடம் எதையும் நிரூபிக்காது.

சிக்கல் என்னவென்றால், ஒரே கட்டடம் முடியாததாகவும் திறந்தவெளிக்கென்றே திட்டமிட்டதாகவும் இருக்கலாம். அதற்குத்தான் டிடிமா.

டிடிமாவை வாசிக்கும் வரிசை

இன்றைய துருக்கியில், மிலேட்டஸுக்குத் தெற்கே இருக்கும் அப்பல்லோ கோயில். எபேசஸின் பயோனியஸும் மிலேட்டஸின் டாஃப்னிஸும் வடிவமைத்தது. கி.மு. 300 வாக்கில் எழும்பத் தொடங்கி, நூற்றாண்டுக் கணக்கில் வேலை நடந்தும் முடியவில்லை. முகப்பில் பத்துத் தூண், பக்கவாட்டில் 21, இரட்டை வரிசை. தூண் உயரம் 19.7 மீட்டர். நின்றுகொண்டிருக்கும் மூன்றில் ஒன்று வரி போடாத தூண்.

முன்மண்டபத்தில் 12 தூண்களைத் தாண்டிப் போனால் பெரிய வாசல் எதிரே நிற்கும். வாசற்படி ஏறக்குறைய ஒன்றரை மீட்டர் உயரம். யாரும் ஏறிக் கடக்க முடியாது, கடக்கக் கூடாது என்றே வைத்தது. வாசலின் இருபுறமும் குறுகலான வளைவுக்கூரைச் சுரங்கங்கள் கீழே சரிகின்றன. அவற்றில் ஒன்றில் இறங்குங்கள். இருட்டில் சில அடி நடந்ததும் கண் கூசும் வெளிச்சத்தில் அடிட்டான் என்ற உள்முற்றத்துக்கு வந்துவிடுவீர்கள்.

இப்போது சோதனைகளை ஒவ்வொன்றாகப் போடுங்கள். அகலம் 21.7 மீட்டர், நீளம் 53.6. உள்ளே கூரையைத் தாங்க ஒரு தூண் தடம்கூட இல்லை. கி.மு. 300இன் மரவேலைக்கு இந்த அகலம் எட்டாது. தரைக்குக் கல் பாவவில்லை, மண்ணாகவே விட்டிருக்கிறார்கள். விழுகிற மழை மண்ணில் இறங்கிவிடும். புனித ஊற்றும் அப்பல்லோவின் லாரல் மரமும் இருந்த இடம், மரம் வளர வெயிலும் மழையும் வேண்டும். முற்றத்தின் உள்கோடியில் நாய்ஸ்கோஸ் என்ற தனிச் சிறுகோயில், தெய்வச்சிலை அதற்குள். இது தீர்மானமான சான்று. பெரிய கூரை இருந்தால் உள்ளே சின்னக் கூரை எதற்கு? சிலை நனையக் கூடாது, அதனால் சிலைக்கு மட்டும் ஒரு வீடு.

சுவரைப் பாருங்கள். சுற்றிலும் அரைத்தூண்கள், அவற்றின் போதிகைகளுக்கு இடையே கிரிஃபின் என்ற சிறகுள்ள சிங்க உருவங்கள். வெளிச்சத்தில் பார்க்க வைத்த வேலைப்பாடு. பின்னால் திரும்பினால் 24 படிகள் சுமார் 15 மீட்டர் அகலத்தில் மேலேறி, மூன்று வாசல் உள்ள அறைக்குப் போகின்றன.

டார்ச்சை இங்கேதான் எடுக்க வேண்டும். சுவரின் கீழ்வரிசைகளில் ஒளியைப் பக்கவாட்டில், சுவரோடு ஒட்டினாற்போல் அடியுங்கள். நேராக அடித்தால் வெறும் கல்தான் தெரியும். பக்கவாட்டில் அடித்தால் மயிரிழை மாதிரிக் கீறல்கள் எழும்பி வரும். 1979இல் லோதார் ஹாசல்பெர்கர் என்ற ஆய்வாளர் இவற்றைக் கண்டார். கட்டட வேலைக்கான வரைபடங்கள், மொத்தம் ஏறக்குறைய 200 சதுர மீட்டர். தூணின் மெல்லிய உப்பலை வரைந்த ஒன்றில் அகலத்தை முழு அளவில் போட்டு, உயரத்தை மட்டும் பதினாறில் ஒரு பங்காகச் சுருக்கியிருக்கிறார்கள். ஓர் அடிக்கு ஒரு விரல். கடைசி மெருகு ஏற்றியிருந்தால் இவை தேய்ந்தே போயிருக்கும். வேலை முடியாததால் தப்பித்தன. நடுப்பகல் வெயிலில் போனால் கண்ணில் படாது. காலையிலோ மாலையிலோ வெயில் சாய்ந்து விழும் சுவரைத் தேர்ந்தெடுங்கள்.

ஒன்றை மட்டும் கழித்துக்கொள்ள வேண்டும். பைசாந்தியக் காலத்தில் இந்த முற்றத்துக்குள்ளேயே ஒரு சர்ச் கட்டினார்கள். பிற்கால வெட்டுகள் எதையாவது கண்டால் அதன் கணக்கில் எழுதிவிடுங்கள்.

ஒரு துளை மட்டும்

முழு முற்றமாக இல்லாமல், குறிப்பிட்ட இடத்துக்கு மேல் மட்டும் வானத்தைத் திறந்துவிடுவதும் உண்டு. ஏதென்ஸின் எரெக்தியான் கோயிலின் வடக்கு மண்டபத் தரையில் ஒரு குழி தெரியும், கடல் தெய்வம் பொசைடனின் சூலம் பாய்ந்த தடம் என்பார்கள். அதற்கு நேர் மேலே உள்விதானத்தில் ஒரு கட்டத்தை மூடாமல் விட்டிருக்கிறார்கள். கீழே குழியைப் பார்த்துவிட்டு, அங்கேயே நின்று நிமிர்ந்தால்தான் அது புரியும். ரோமின் கேப்பிட்டோலைன் குன்றில் எல்லைத் தெய்வம் டெர்மினஸை ஜூப்பிட்டர் கோயிலுக்குள்ளிருந்து நகர்த்த முடியாமல், அவருக்கு மேலே கூரையில் துளை விட்டார்கள். இடி விழுந்த இடத்தையும் ரோமர்கள் மூடுவதில்லை, சுற்றிக் கிணற்றுச் சுவர் மாதிரி கட்டி விட்டுவிடுவார்கள். இப்படித் தரையில் ஏதாவது ஒரு ‘தொடக் கூடாத’ இடம் இருந்தால், மேலே நேர்கோட்டில் பாருங்கள்.

ரோமில் உள்ள பாந்தியான் கோயிலின் குவிமாடத்தில் இருக்கும் வட்டத் திறப்பு எல்லோருக்கும் தெரிந்ததே. கீழே தரை நடுவில் லேசாக மேடாகி ஓரத்துக்குச் சரிவதையும், தண்ணீர் இறங்க 22 துளைகள் இருப்பதையும் கவனிப்பவர்கள் குறைவு.

ரோம வீட்டின் முற்றத்தை வரைவது

வீட்டுக்கு வந்தால் ஊகம் குறைந்து அளவுகோல் வந்துவிடுகிறது. ஏட்ரியம் என்பது ரோம வீட்டின் நடுக்கூடம். அதன் கூரையில் உள்ள திறப்பு காம்ப்ளூவியம், கீழே உள்ள தொட்டி இம்ப்ளூவியம். விட்ருவியஸின் விதிப்படி நீள அகலம் 5:3, 3:2, அல்லது சதுரத்தின் மூலைவிட்ட விகிதம். உத்தரத்தின் அடி வரை உயரம், நீளத்தில் முக்கால். திறப்பின் அகலம் கூடத்தின் அகலத்தில் கால்பங்குக்குக் குறையாமல், மூன்றில் ஒன்றுக்கு மிகாமல். திறப்பின் நீளம் அதே விகிதத்தில்.

எண் போட்டுப் பார்ப்போம். ரோம அடி 29.6 செ.மீ. கூடம் 24க்கு 36 அடி, அதாவது 7.1க்கு 10.66 மீட்டர். உயரம் 27 அடி, 8 மீட்டர். திறப்பு அதிகபட்சம் 8க்கு 12 அடி, 2.37க்கு 3.55 மீட்டர். தொட்டி இதற்குச் சமமாகவோ சற்றுப் பெரிதாகவோ இருக்க வேண்டும். சிறியதாக வரைந்தால் இறவாரத்திலிருந்து சொட்டும் நீர் தரையில் விழும்.

இந்தக் கூடத்தின் பரப்பு 75.7 சதுர மீட்டர். 25 மி.மீ. மழை பெய்தால் ஏறக்குறைய 1,900 லிட்டர் தொட்டிக்கு வரும். தொட்டி 30 செ.மீ. ஆழம் என்றால் கொள்ளளவு 2,500 லிட்டர். 33 மி.மீ. மழையில் நிரம்பிவிடும். அதனால்தான் தரைக்கடியில் நீர்க்கிடங்குக்கு ஒரு வழி, தெருவுக்கு ஒரு வழி. கிடங்கின் வாயில் கல்லால் செய்த கிணற்றுவாய் நிற்கும். இத்தாலியின் பழைய ரோம நகரமான பொம்பெயியில் அதன் விளிம்பில் கயிறு அறுத்த பள்ளங்களை விரலால் உணரும் அளவுக்குப் பார்க்கலாம். தொட்டியில் வெளிவழி ஒன்றுகூட இல்லாமல் வரையும் மாதிரிப் படங்கள் ஏராளம். முதல் அடைமழைக்கே வீடு குளமாகிவிடும்.

கூரை வகை ஐந்து. டஸ்கன் வகையில் அகலத்தைக் கடக்கும் இரண்டு உத்தரங்கள், அவற்றுக்கு நடுவே இரண்டு குறுக்குமரங்கள், சுவர்மூலையிலிருந்து திறப்பின் மூலைக்கு வரும் நான்கு கூடல்வாய்கள். மொத்தப் பளுவும் அந்த இரண்டு உத்தரத்தில். நம் கணக்கில் ஒவ்வொன்றும் 7 மீட்டருக்கு மேல், அதனால் தொய்வு. அதற்கு மருந்து திறப்பின் நான்கு மூலையிலும் தூண் கொடுக்கும் டெட்ராஸ்டைல் வகை, பொம்பெயியின் வெள்ளிவிழா வீடு போல. தூண்கள் பெருகினால் கொரிந்திய வகை, டியோஸ்கூரி வீட்டில் 12 தூண். நான்காவது, சரிவை வெளிப்பக்கம் தள்ளும் டிஸ்ப்ளூவியேட். உள்ளே வெளிச்சம் அதிகம், ஆனால் தொந்தரவும் அதிகம். சுவரோரக் குழாய்கள் வரும் தண்ணீரை வாங்க முடியாமல் பொங்கி, மரவேலையையும் சுவரையும் கெடுக்கின்றன என்று விட்ருவியஸே புலம்புகிறார். ஐந்தாவது திறப்பே இல்லாதது, சிறிய கூடத்துக்கு.

தூம்பு வைக்கும்போது நான்கு மூலைகளுக்கும் பெரிய தூம்பு வரையுங்கள். இரண்டு சரிவின் தண்ணீர் கூடல்வாயில் சேர்ந்து அங்கேதான் வந்து இறங்கும்.

வெயில் விழும் இடத்தை வரைவதில் பெரும்பாலும் எல்லோருமே தவறு செய்கிறார்கள். திறப்புக்கு நேர் கீழே தொட்டியில் வெயிலைப் போட்டுவிடுகிறார்கள். பொம்பெயியின் அட்சரேகை 41 டிகிரிக்குச் சற்றுக் குறைவு, அங்கே சூரியன் ஒருநாளும் உச்சந்தலைக்கு வராது. கோடை உச்சத்தில் நண்பகல் உயரம் 73 டிகிரி, குளிர்கால அடியில் 26. மேலே சொன்ன கூடம் வடக்கு தெற்காக நீண்டிருக்கிறது என்று கொண்டால், கோடை நண்பகலில் வெயில் தொட்டியின் வடக்குக் கடைசி ஒரு மீட்டரையும் அதற்கப்பால் இரண்டரை மீட்டர் தரையையும் தொடும். குளிர்காலத்தில் தரையைத் தொடவே தொடாது. வடக்குச் சுவரில் நாலரை மீட்டருக்கும் 6.3 மீட்டருக்கும் இடையே ஒரு பட்டையாக விழும்.

பொம்பெயியில் இன்று தலைக்கு மேல் இருக்கும் ஏட்ரியம் கூரைகள் பெரும்பாலும் அகழ்வுக்குப் பிறகு கட்டியவை. அவற்றைப் பார்த்துத் திறப்பை அளக்காதீர்கள், தொட்டியை அளந்து மேலே ஏற்றுங்கள்.

பின்பக்கத் தோட்ட முற்றமான பெரிஸ்டைலுக்கு விதி சுருக்கம். குறுக்கு அகலம் ஆழத்தைவிட மூன்றில் ஒன்று அதிகம், தூணின் உயரம் தாழ்வார அகலத்துக்குச் சமம், தூண் இடைவெளி தூண் விட்டத்தில் மூன்று முதல் நான்கு மடங்கு. தூணடியில் ஓடும் வாய்க்காலைக் கண்டால் முற்றத்தின் எல்லை கிடைத்துவிட்டது.

அரங்குகள்

அரைவட்ட இருக்கைகளைக் கண்டதும் திறந்தவெளி என்று எழுதிவிட வேண்டாம். பொம்பெயியில் பெரிய அரங்கத்தை ஒட்டியே சிறியது ஒன்று, கி.மு. 80 வாக்கில் கட்டியது. அதன் கல்வெட்டே ‘கூரையிட்ட அரங்கம்’ என்கிறது. அரைவட்டத்தை ஒரு செவ்வகச் சுவருக்குள் அடக்கி, சுவரைத் தடிமனாக எழுப்பியிருந்தால் கூரையை எதிர்பாருங்கள். வெளிச்சுவரின் உச்சியில் வரிசையாகத் துருத்தும் கல்தாங்கிகள் இருந்தால் அது துணிப்பந்தலுக்கான கம்பங்கள் நின்ற இடம். ரோமின் கொலோசியத்தில் அவை 240.

அக்ரிப்பாவின் இசையரங்கத்துக்குத் திரும்புவோம். அந்த 25 மீட்டர் கூரை கி.பி. 150 வாக்கில் இடிந்து விழுந்தது. மறுபடி கட்டியபோது அதே அகலத்துக்குத் துணியவில்லை. இருக்கைகளுக்குக் குறுக்கே ஒரு சுவர் எழுப்பி அரங்கத்தைச் சுருக்கிக்கொண்டார்கள், சுமார் 500 பேருக்குத்தான் இடம் மிஞ்சியது. உங்கள் தரைப்படத்தில் இருக்கைகளை வெட்டிக்கொண்டு ஒரு சுவர் ஓடினால், அதை வேறொரு கட்டடத்தின் சுவர் என்று ஒதுக்கிவிடாமல், அதற்கு இருபுறமும் உள்ள இடைவெளிகளைத் தனித்தனியே அளந்து குறித்துக்கொள்ளுங்கள்.